அரைப்புள்ளி

செக்காலை ரோட்டில் என் கடை.
போர்டில் இன்னும் அவர் பெயர்:
வயிரவன் செல் சர்வீஸ்.
உள்ளே ஸ்டூலில் நான்,
எம்.எஸ்சி. இயற்பியல், விருப்பப்பாடம் அணுக்கரு,
கையில் சால்டரிங் அயர்ன்.

பதினோரு மணி வாக்கில் முத்துக்கருப்பண்ணன் வந்தார்.
சார்ஜ் ஏறவில்லையாம்.
கோயில் புள்ளிக்கணக்கு முழுக்க இதற்குள்தான் என்றார்,
போனை மேசைமேல் வைக்காமல்
உள்ளங்கையிலேயே ஏந்தியபடி.
பிறகு ஃபேனைப் பார்த்துச் சொன்னார்:
"ஆச்சி, இந்த வருசத்திலேர்ந்து உங்களுக்கு
அரைப்புள்ளி. வரியும் பாதிதான்."

நல்ல செய்தி போலத்தான் சொன்னார்.

பின்மூடியைக் கழற்றினேன்.

அணுவைப் பற்றிச் சொன்னதெல்லாம்
கொஞ்ச காலம் சரியாகவே இருந்தது.
முதலில் அது ஒரு பலகாரம்,
நேர்மின் மாவில் பதிந்த எலக்ட்ரான் திராட்சைகள்.
கேசரி என்று எழுதி மார்க் இழந்தேன்,
அப்போதே அரை.
அப்புறம் தங்கத் தகட்டில் ஆல்ஃபாவை எறிந்தார்கள்.
முக்கால்வாசிக்கும் மேல் நேரே போய்விட்டன,
கானாடுகாத்தானில் என் மாமனார் வீட்டு
முகப்பில் நுழைந்த காற்று
அடுத்த தெருவில் வெளியேறுவதுபோல.
எப்போதாவது ஒன்று மட்டும்
இரும்புப் பெட்டியில் மோதித் திரும்பியது.
வீடு காலி. கனமெல்லாம் பெட்டியில்.

கம்பியை நீட்டுகிறேன்:
அறுபத்துமூன்று பங்கு வெள்ளீயம், மிச்சம் ஈயம்.
இரண்டுக்கும் வெளிக்கூட்டில் நாலே எலக்ட்ரான்.
இணைதிறன் என்பது அவ்வளவுதான்,
நீட்ட எத்தனை கை இருக்கிறது என்பது.
வெள்ளீயம் தனியே உருக 232 டிகிரி,
ஈயத்துக்கு 327.
சேர்ந்தால் 183 போதும்.
பதினான்கு வருசம் நாங்கள்
அப்படித்தான் சீக்கிரம் உருகினோம்.
சீக்கிரம் இறுகவும் செய்தோம், அதையும் சொல்லவேண்டும்.

ஆனால் கை கோப்பது வெளியே.
உள்ளே, கருவில், வேறு கணக்கு.
அங்கேயும் கூடுகள் உண்டு, நிரம்பும் எண்கள் வேறு:
இரண்டு, எட்டு, இருபது, இருபத்தெட்டு,
ஐம்பது, எண்பத்திரண்டு.
மாய எண்கள் என்று பெயர்.
வெள்ளீயத்தில் புரோட்டான் ஐம்பது.
ஈயத்தில் எண்பத்திரண்டு.
இரண்டுமே நிறைந்த வீடு,
இந்த மலிவுக் கம்பிச் சுருளில்.

உள்ளே ஜோடி ஜோடியாகத்தான் உட்காரும்.
ஒன்று இப்படிச் சுற்றினால் மற்றது அப்படி.
கூட்டினால் பூச்சியம்.
எத்தனை ஜோடி சேர்த்தாலும் பூச்சியம்தான்,
காந்தம் வந்து கூப்பிட்டாலும் திரும்பாது.
ஆனால் வெள்ளீயத்தில்
ஆறு அணுவுக்கு ஒன்றில்
ஒரு நியூட்ரான் துணையில்லாமல் நிற்கும்.
அந்தக் கருவுக்குச் சுழற்சி உண்டா, எவ்வளவு,
காந்தத்துக்கு என்ன பதில்,
எல்லாம் அந்த ஒற்றையைக் கேட்டால் தெரியும்.
நூற்றுப் பதினெட்டுப் பேர் அடங்கி உட்கார்ந்திருக்க
எழுந்து நிற்கும் நூற்றுப்பத்தொன்பதாவது ஆள்.
அதன் அளவு:
அரை.

பரீட்சையில் இதை எழுதியபோது
மணி அடிக்குமுன் முடிக்கிற அவசரம் மட்டும்தான் இருந்தது.

சார்ஜ் பின்னின் ஐந்து காலில் ஒன்று விட்டிருந்தது.
வைத்தேன். ரோசின் புகை கண்ணில் பட்டது,
புகைதான்.
திரை விழித்தது. பட்டியல் திறந்தபடியே கிடந்தது:
1, 1, 1, 1,
வ. உண்ணாமலைக்கு நேரே
½.
சொல்வதற்கு முன்பே அடித்து வைத்திருக்கிறார்.

வரியைக் கொடுத்து ரசீது வாங்கிக்கொண்டேன்.
ரிப்பேருக்கு முந்நூற்றைம்பது என்றேன்.
"பாத்துப் போட்டுக் குடுங்க ஆச்சி,
பாதியா வாங்கிக்கக் கூடாதா?"
"கூலியில அரைப்புள்ளி கிடையாதுண்ணே."

எண்ணித்தான் கொடுத்தார்.

அயர்ன் முனையை ஸ்பாஞ்சில் துடைத்தேன்.
ஒரு சொட்டு உதிர்ந்து, உருண்டு,
மேசை விளிம்பில் குளிர்ந்தது.
கடுகளவு. அதற்குள் எத்தனை கோடி ஒற்றைகள் என்று
கணக்குப் போடலாம், பென்சில் இருந்தது.

அடுத்தது திரை உடைசல்,
தேவகோட்டைப் பையன், அவசரமாம்.